திண்ணை தானே மெழுகிக்கொண்டதா?

"பிழைகள் சரிசெய்யப்பட்டன, செயல்திறன் மேம்படுத்தப்பட்டது." ரோபோ வாக்யூம் கிளீனருக்கு மென்பொருள் அப்டேட் வரும்போது செயலியில் தோன்றும் ஆங்கில அறிவிப்பைத் தமிழில் சொன்னால் பெரும்பாலும் இவ்வளவுதான். எந்தப் பிழை, எத்தனை நாளாக இருந்தது, அதனால் யாருக்கு என்ன நேர்ந்திருக்கலாம் என்பவை அதில் இல்லை. செயல் உண்டு, செய்தவர் இல்லை.

செய்தவரைச் சொல்லாமல், செயப்படுபொருளே வினையைச் செய்ததுபோலக் கூறும் வழக்கைத் தொல்காப்பியம் இலக்கணமாக்கியிருக்கிறது. உரையாசிரியர்கள் அதற்குத் திண்ணை மெழுகுவதைச் சான்றாகக் காட்டுவர். திண்ணையை மெழுகியவர் யாரென்று வீட்டாருக்குத் தெரியும். ஆகவே சொல்லாவிட்டாலும் குறையில்லை. இன்று தரையை மெழுகும் இயந்திரத்தின் அறிவிப்பிலோ, நமக்குத் தெரியாததே சொல்லாமல் விடப்படுகிறது. முன்னது மொழியின் சிக்கனம். பின்னது பொறுப்பைக் கைகழுவுதல்.

இதைச் சொல்நயம் பற்றிய குறையாக மட்டும் கொள்ள வேண்டா. இந்த இயந்திரம் வீட்டின் வரைபடத்தை உருவாக்கி வைத்துக்கொள்கிறது. சில மாதிரிகளில் கேமராவும் மைக்கும் உண்டு. 2024 மே மாதத்தில் அமெரிக்க நகரங்கள் சிலவற்றில் எகோவாக்ஸ் நிறுவனத்தின் டீபாட் எக்ஸ்2 இயந்திரங்களை அயலார் ஊடுருவி, அவற்றின் ஒலிபெருக்கி வழியாக வீட்டாரை வசைபாடினர். ஆகவே அப்டேட்டே வேண்டாம் என்பது தீர்வாகாது. பாதுகாப்புத் திருத்தம் வராத இயந்திரம், பூட்டில்லாத கதவு.

அப்படியானால் அத்திருத்தம் எத்தனை ஆண்டு வரும்? நீட்டோ நிறுவனம் 2023இல் மூடப்பட்டபோது, அதன் தாய் நிறுவனமான ஜெர்மனியின் வோர்வெர்க், மேகச் சேவை குறைந்தது ஐந்தாண்டுகள் தொடரும் என்றது. 2025இலேயே அது நிறுத்தப்பட்டது. பழுதாகாத மோட்டாரும் தேயாத தூரிகையும் இருந்தும், செயலியிலிருந்து இயக்கும் வசதி போய்விட்டது. பொத்தானை அழுத்தி ஓட்டுவதே மிச்சம்.

பிரிட்டனில் 2024 ஏப்ரல் 29 முதல், இணையத்தோடு இணையும் வீட்டுப் பொருள்களுக்குப் பாதுகாப்பு அப்டேட் எதுவரை கிடைக்கும் என்பதை உற்பத்தியாளர் வெளிப்படையாக அறிவித்தாக வேண்டும். ஐரோப்பிய ஒன்றியத்தின் சைபர் தாங்குதிறன் சட்டம் 2027 டிசம்பர் முதல் முழுமையாகச் செயலுக்கு வருகிறது. பொதுவாகக் குறைந்தது ஐந்தாண்டு ஆதரவை அது கேட்கிறது.

நம் நாட்டிலோ, 2011ஆம் ஆண்டின் பொட்டலப் பொருள் விதிகள் பெட்டியின் மேல் அதிகபட்ச விலை, மாதம், ஆண்டு, புகார் முகவரி ஆகியவற்றைக் கேட்கின்றன. மென்பொருள் ஆதரவு முடியும் நாளைக் கேட்பதில்லை. 2022 டிசம்பரில் ஒன்றிய அரசு பழுதுபார்க்கும் உரிமைக்கான இணையதளத்தைத் தொடங்கியது நல்ல முயற்சி. ஆனால் திருகாணியும் உதிரிபாகமும் மட்டும் பழுதுபார்த்தல் ஆகா. இவ்வகைப் பொருள்களில் மென்பொருளும் ஓர் உதிரிபாகமே.

எனவே கேட்க வேண்டியவை மூன்று. ஆதரவு முடியும் மாதமும் ஆண்டும் பெட்டியின் மேல் அச்சாக வேண்டும். ஒவ்வோர் அப்டேட்டும் எதைத் திருத்தியது, எந்தத் தரவைப் புதிதாகக் கேட்கிறது என்பதை இந்திய மொழிகளில் சொல்ல வேண்டும். நிறுவனத்தின் சர்வர் நின்றாலும் இயந்திரம் வீட்டு வைஃபைக்குள்ளேயே முழுமையாக இயங்க வழி இருக்க வேண்டும்.

அதுவரை நாம் செய்யக்கூடியவையும் உண்டு. வாங்கும் முன் கடைக்காரரிடம் ஆதரவுக் காலத்தைக் கேளுங்கள். பதில் தெரியாவிட்டால் நிறுவனத்திடம் எழுத்தில் பெறுங்கள். செயலி இல்லாமல் இயந்திரம் என்னென்ன செய்யும் என்று பாருங்கள். அப்டேட் வந்தால் இயந்திரத்தைச் சார்ஜிங் நிலையத்தில் வைத்து, முடியும்வரை மின்சாரத்தைத் துண்டிக்காதீர்கள். முடிந்தபின் கேமரா, மைக், தரவுப் பகிர்வு அமைப்புகள் முன்பிருந்தபடியே இருக்கின்றனவா என்று ஒருமுறை சரிபாருங்கள். 'சம்மதம்' என்பது தன்வினை. எதற்குச் சம்மதிக்கிறோம் என்பது தெரியாதபோது அந்தப் பொத்தானுக்கு அப்பெயர் பொருந்தாது.