மலை தெரியுது... மலையில் வாழ்கிறவர்கள் தெரிகிறார்களா?

ராஜபாளையத்திலோ ஸ்ரீவில்லிபுத்தூரிலோ மொட்டை மாடியில் நின்று மேற்கே பார்த்தால் மேற்குத் தொடர்ச்சி மலைதான். தமிழ் சினிமாவுக்கும் இந்த மலைத்தொடர் ரொம்பப் பிடிக்கும். ஆனால், அதை எப்படிக் காட்டியிருக்கிறது?

பெரும்பாலும் ஒரு லொக்கேஷனாக. டூயட்டுக்குப் பச்சைப் பசேல், வில்லனுக்குப் பதுங்குமிடம். பிரபு சாலமனின் 'மைனா' (2010), 'கும்கி' (2012) போன்ற படங்கள் மலைக் கிராமத்துக்குள்ளேயே போய்க் கதை சொன்னவை. அவற்றிலும் மனசில் நிற்பது காதலும் காட்சி அழகும்தான்.

வித்தியாசமாக வந்தது எது?

லெனின் பாரதி இயக்கி, விஜய் சேதுபதி தயாரித்த 'மேற்குத் தொடர்ச்சி மலை' (2018). தேனிப் பக்கத்து மலையில் சுமை தூக்கும் ரங்கசாமிக்கு ஒரே ஆசை, சொந்தமாகக் கொஞ்சம் நிலம். கடைசியில் கைவிட்டுப்போன அந்த நிலத்திலேயே காற்றாலைக்குக் காவல் காக்கிறார். இங்கே மலை அழகுப் பொருள் அல்ல. யாருக்குச் சொந்தம் என்ற கேள்வி.

சரி, சினிமாதானே... இதில் என்ன இருக்கு?

இருக்கு. ஸ்ரீவில்லிபுத்தூர் மலை 1988-ல் சாம்பல் நிற அணில்கள் சரணாலயம் ஆனது. 2021-ல் மேகமலையோடு சேர்த்துப் புலிகள் காப்பகமாக அறிவிக்கப்பட்டது. பரப்பு 1,000 சதுர கிலோமீட்டருக்கும் மேல். இதே மலையடிவாரத்தில்தான் செண்பகத்தோப்பிலும், ராஜபாளையம் அய்யனார் கோயில் பகுதியிலும் பளியர் பழங்குடியினர் வாழ்கிறார்கள். காட்டில் வசிக்கவும், தேன் போன்ற சிறு வனப்பொருள்கள் சேகரிக்கவும் 2006-ம் ஆண்டு வன உரிமைச் சட்டம் பழங்குடியினருக்கு உரிமை தருகிறது. சரணாலயம் என்பதால் அந்த உரிமை இல்லாமல் போய்விடாது.

ஆனால், திரையில் ஆளில்லாத காட்டையே பார்த்துப் பழகிய கண்ணுக்கு, இந்த உரிமை சலுகை மாதிரித்தான் தெரியும். 'காட்டுக்குள்ள இவங்களுக்கு என்ன வேலை?' என்று சுலபமாகக் கேட்டுவிட முடியும். புலியையும் அணிலையும் காப்பது அவசியம்தான். அதற்காக, அங்கேயே பிறந்து வளர்ந்தவர்களை அந்நியர்களாகப் பார்க்க வேண்டியதில்லை.

மலையை அழகாகக் காட்டுவது தப்பில்லை. அழகை மட்டுமே காட்டுவதுதான் பிரச்னை. அடுத்து இந்த மலைக்கு வரும் படக்குழு, ட்ரோனைப் பறக்கவிடும் முன் அடிவாரத்துக் குடியிருப்பில் உட்கார்ந்து கொஞ்ச நேரம் பேசட்டும். சொல்லப்படாத கதைகள் அங்கேதான் இருக்கின்றன.