நந்திக்கடல் இறாலும் நாட்டின் உறைகடலுணவு ஏற்றுமதியும்: தண்ணீரூற்றில் குளிர்நிலையம் கோரும் மனு

பெறுநர்: செயலாளர், கடற்றொழில் அமைச்சு, பணிப்பாளர் நாயகம், கடற்றொழில் நீரியல் வளத் திணைக்களம், மாவட்டச் செயலாளர், முல்லைத்தீவு.

முன்வைப்போர்: தண்ணீரூற்று, முள்ளியவளை, வற்றாப்பளை, வட்டுவாகல், நாயாறு ஆகிய இடங்களின் களப்புத் தொழிலாளரும் சேகரிப்பாளரும் இணைந்த சங்கம்.

இலங்கையின் கடலுணவு ஏற்றுமதி அண்மைக் காலத்தில் ஆண்டொன்றுக்கு ஏறத்தாழ 25 கோடி அமெரிக்க டொலர் ஈட்டித் தருகிறது. அதில் பெரும்பங்கு சூரை வகை மீன்களுடையது. இறால், நண்டு, சிங்கி இறால், கணவாய் ஆகியவை எடையில் அவற்றுக்குப் பின்தான் நிற்கின்றன. ஆனால் கிலோ ஒன்றுக்குக் கிடைக்கும் விலையில் இறாலும் நண்டும் சிங்கி இறாலும் முன்வரிசையில் உள்ளன. சுங்கப் பதிவில் இறால், நண்டு போன்ற ஓட்டுடலிகள் 0306 என்ற தலைப்பிலும், கணவாயும் சிப்பியும் 0307 என்ற தலைப்பிலும், பதப்படுத்தப்பட்ட நண்டு இறைச்சி 1605 என்ற தலைப்பிலும் வருகின்றன. எந்த நாட்டுக்கு எவ்வளவு போனது என்று அந்தப் பதிவு சொல்லும். எந்த மாவட்டத்து நீரில் பிடிபட்டது என்று சொல்லாது. நந்திக்கடலில் இரவு முழுவதும் இடுப்பளவு நீரில் நின்று பிடிக்கப்பட்ட இறால், மேற்குக் கரையின் ஆலையொன்றில் உறைந்து பெட்டியானதும் தன் ஊரை இழந்துவிடுகிறது. பதிவில் இல்லாத ஊருக்குத் திட்டத்திலும் ஒதுக்கீட்டிலும் இடம் கிடைப்பதில்லை. முதல் கோரிக்கை இங்கிருந்தே எழுகிறது: நந்திக்கடல், நாயாறு, கொக்கிளாய் ஆகிய மூன்று களப்புகளிலும் கரைசேரும் இறாலையும் நண்டையும் இனவாரியாக, மாதவாரியாகத் திணைக்களமும் தேசிய நீரியல் வளங்கள் ஆராய்ச்சி அபிவிருத்தி முகவராண்மையான நாராவும் பதிந்து வெளியிட வேண்டும்.

இறாலின் வாழ்வு கடலுக்கும் களப்புக்கும் இடையே பகிரப்பட்டது. தாய் இறால் கடலில் முட்டையிடுகிறது. குஞ்சுகள் நீரோட்டத்தோடு முகத்துவாரம் வழியாகக் களப்புக்குள் வந்து, உவர்நீரில் சில மாதங்கள் வளர்ந்து, மீண்டும் கடலுக்குத் திரும்புகின்றன. பேராறு முதலிய ஆறுகள் மாரியில் கொண்டுவரும் நன்னீரும், வட்டுவாகலில் திறக்கும் வாயும்தான் நந்திக்கடலின் விளைச்சலைத் தீர்மானிக்கின்றன. வாய் மணலால் மூடிக்கிடந்தால் குஞ்சு உள்ளே வராது. காலம் தப்பித் திறந்தால் வளர்ந்த இறால் வலைக்கு எட்டாமல் வெளியேறிவிடும். வெள்ளத்தில் வயல் மூழ்கும்போது கமக்காரர் முகத்துவாரத்தை விரைவில் வெட்டச் சொல்வதும், தொழிலாளர் சில நாள் பொறுக்கச் சொல்வதும் இந்தக் கரையில் பழைய வழக்கு. இரு தரப்பும் நியாயம் உடையவை. எந்த நீர்மட்டத்தில், யார் முன்னிலையில் வெட்டுவது என்பதற்கு எழுத்திலான ஒழுங்கு இல்லாததுதான் குறை. கமக்கார அமைப்பும் கடற்றொழிலாளர் கூட்டுறவுச் சங்கமும் சேர்ந்து அமரும் குழுவொன்றை மாவட்டச் செயலாளர் அமைத்து, நீர்மட்ட அளவுகோல் நாட்டி, அதன்படி வெட்டும் நாளைத் தீர்மானிக்க வேண்டும். 2025 செப்டெம்பரில் வட்டுவாகல் புதிய பாலத்தின் பணி தொடங்கப்பட்டது. போக்குவரத்துக்கு அது மிகவும் தேவையானது. ஆனால் பாலத்தின் கீழ் நீரோட்டம் இறால் குஞ்சுக்குத் தடையாகாதபடி இருப்பதை நாரா கட்டுமானக் காலத்திலேயே நேரில் பார்த்து உறுதிசெய்வது அவசியம்.

பிடித்த பிறகு நேரும் இழப்பே இந்த மனுவின் மையம். இறால் செத்ததும் அதன் தலைப்பகுதியிலுள்ள நொதியம் ஒட்சிசனோடு சேர்ந்து ஓட்டில் கரும்புள்ளியை உண்டாக்கத் தொடங்குகிறது. வெப்பம் கூடக்கூட இது விரைவுபெறும். உண்பவருக்குப் பெரும் தீங்கில்லை என்றாலும் வாங்குபவர் கண்ணில் அது இரண்டாம் தரம். அதைத் தடுக்கச் சேகரிப்பாளர் சிலர் சல்பைற்று உப்பைக் கை அளவாகத் தூவுகின்றனர். பச்சை இறாலின் உண்ணும் பகுதியில் கிலோவுக்கு 100 மில்லிகிராமுக்கு மேல் அது இருக்கக் கூடாது என்பது கோடெக்ஸ் எனப்படும் சர்வதேச உணவுத் தரநூலின் வரம்பு. வரம்பு மீறினால் சரக்கு முழுவதும் திரும்பி வரும். இதற்கு ஒழுங்கான மாற்று ஒன்றே: வலையிலிருந்து எடுத்த உடனே, இறாலின் எடைக்கு ஈடான எடையில் நொறுக்கிய ஐஸ். அந்த ஐஸ் குடிநீர்த் தரமுடைய நீரில் செய்யப்பட வேண்டும். பின்னர் ஆலையில் கழுவி, தலை நீக்கி, அளவுவாரியாகப் பிரித்து, தகட்டு உறைவிப்பானில் நடுப்பகுதி பூச்சியத்துக்குக் கீழே 18 பாகை செல்சியஸை அடையும்வரை உறையவைக்கின்றனர். அதன்பின் கொள்கலனிலும் கப்பலிலும் அயல்நாட்டுக் களஞ்சியத்திலும் அந்த வெப்பநிலை குலையக் கூடாது. உறைவிப்பான் தரத்தைக் காக்குமே அன்றி, இழந்த தரத்தை மீட்டுத் தராது. தண்ணீரூற்றில் விடிகாலையில் கெடத் தொடங்கிய இறாலைக் கொழும்பில் உள்ள எந்த இயந்திரமும் முதல் தரமாக்க முடியாது.

இன்றைய நடைமுறையில் களப்புக் கரையில் நிறுத்து வாங்கப்படும் இறால் ரெஜிபோம் பெட்டியில் இருக்கிற ஐஸோடு அடைக்கப்பட்டு, மாங்குளம் வழியாக ஏ9 வீதிக்குச் சென்று, நீர்கொழும்பு, சிலாபம், கொழும்புப் பக்கத்து ஆலைகளை அடைகிறது. வழியில் ஐஸ் உருகிய அளவுக்கு விலையும் உருகுகிறது. அந்தக் குறைவு முதலாளியின் கணக்கில் நிற்பதில்லை. அடுத்த நாள் தொழிலாளிக்குக் கொடுக்கும் விலையில்தான் கழிக்கப்படுகிறது.

ஆகவே தண்ணீரூற்றில் சேகரிப்பு நிலையம், குடிநீர்த் தரத்திலான ஐஸ் ஆலை, குளிரறை, முதற்கட்டப் பதனிடற்கூடம் ஆகியவற்றை ஒரே வளாகத்தில் அமைக்க வேண்டும் என்பது சங்கத்தின் தலையாய கோரிக்கை. இடத் தெரிவுக்குக் காரணம் உண்டு. கரையோரக் கிணறுகள் உவர்ப்பானவை. ஊற்றங்கரைப் பிள்ளையார் கோயிலைச் சூழ்ந்த தண்ணீரூற்றோ நன்னீருக்குப் பெயர்பெற்ற இடம். மாங்குளம் முல்லைத்தீவு ஏ34 வீதி ஊரின் ஊடாகச் செல்கிறது. நந்திக்கடல் பக்கத்தில் உள்ளது. நாயாற்றிலிருந்தும் அளம்பிலிலிருந்தும் வரும் சரக்குக்கும் இதுவே வழி. நிலத்தடி நீரை எவ்வளவு எடுக்கலாம் என்பதை நீர்வழங்கல் வடிகாலமைப்புச் சபை முன்கூட்டியே அளந்து வரையறுக்க வேண்டும். ஊரின் குடிநீரைக் குறைத்து வரும் ஐஸ் ஊருக்கு வேண்டாம். நிலையத்தின் கழிவுநீர் சுத்திகரிக்கப்படாமல் வாய்க்காலில் விடப்படக் கூடாது என்பதும் அனுமதி நிபந்தனையில் இடம்பெற வேண்டும்.

வடக்கில் இத்தகைய நிலையங்கள் குறைவாக இருப்பது தற்செயலல்ல. புத்தளம் கரையில் இறால் பண்ணைகளும் உறைநிலையங்களும் பெருகிய 1980களிலும் 1990களிலும் வடகடல் போரிலும் மீன்பிடித் தடையிலும் முடங்கியிருந்தது. 2004 டிசெம்பர் ஆழிப்பேரலையும் 2009 இறுதிப்போரும் முல்லைத்தீவுக் கரையின் வள்ளம், வலை, வாடி, கூட்டுறவுக் கட்டடம் அனைத்தையும் இருமுறை துடைத்துச் சென்றன. மீள்குடியேறிய குடும்பங்கள் பலவும் வாங்குபவரின் முற்பணத்தில்தான் வலை வாங்கித் தொழிலைத் தொடங்கின. முற்பணம் கொடுத்தவரே விலையையும் சொல்கிறார். தரம் பிரிப்பவரும் அவரே. கிலோவுக்கு எத்தனை இறால் என்ற எண்ணிக்கைதான் உலகச் சந்தையில் விலையின் அடிப்படை. களப்புக் கரையில் அந்த எண்ணிக்கை தொழிலாளி முன் எண்ணப்படுவதில்லை. முத்திரையிட்ட தராசு, கண்முன் தரம்பிரித்தல், ஏற்றுமதி அபிவிருத்திச் சபை வாராவாரம் அறிவிக்கும் வழிகாட்டு விலை, கூட்டுறவுச் சங்கத்தின் வழியாகக் குறைந்த வட்டிக் கடன் ஆகிய நான்கும் இல்லாமல் ஐஸ் ஆலை மட்டும் வந்தால், அதன் பயன் மறுபடியும் அதே கைகளுக்கே போய்ச்சேரும்.

நண்டின் கதை சற்று வேறு. களிநண்டு பெரும்பாலும் உறையவைக்கப்படுவதில்லை, கால் கட்டப்பட்டு உயிரோடு விமானத்தில் சிங்கப்பூர் செல்கிறது. அங்கே உணவகப் பட்டியலில் இலங்கை நண்டு என்ற பெயரே விலை பெற்றுத் தருகிறது. நீலநண்டு அவிக்கப்பட்டு, இறைச்சி கையால் பிரிக்கப்பட்டு, தகரத்தில் அடைத்து வெப்பமூட்டப்பட்டு, பெரும்பாலும் அமெரிக்காவுக்குப் போகிறது. யாழ்ப்பாணம், மன்னார்ப் பக்கங்களில் இந்தக் கைவேலையில் பெண்கள் பலர் உழைக்கின்றனர். 2013 முதல் பாக்கு விரிகுடாவிலும் மன்னார் வளைகுடாவிலும் நீலநண்டுக்கென ஏற்றுமதியாளரும் தொழிலாளரும் இணைந்து நடத்திய மேம்பாட்டுத் திட்டம், அளவு குறைந்த நண்டையும் சினை நண்டையும் காப்பது சந்தையில் மதிப்பைக் கூட்டும் என்று காட்டியது. அதே ஏற்பாடு முல்லைத்தீவுக் கரைக்கும் நீட்டப்பட வேண்டும். பெண் தலைமைக் குடும்பங்கள் மிகுந்த இந்த மாவட்டத்தில் நண்டு இறைச்சி பிரிக்கும் கூடம் தண்ணீரூற்று வளாகத்திலேயே அமைவது மிகப் பொருத்தம். அங்கே நாட்கூலி, ஓய்வு நேரம், ஊழியர் சேமலாப நிதி ஆகியவை சட்டப்படி இருக்க வேண்டும்.

வாங்கும் நாடுகளின் நிபந்தனைகள் ஆண்டுதோறும் இறுகி வருகின்றன. சட்டவிரோத, பதிவற்ற மீன்பிடியைக் கட்டுப்படுத்தவில்லை என்று கூறி ஐரோப்பிய ஒன்றியம் 2014 ஒக்ரோபரில் அறிவித்த தடை 2015 ஜனவரியில் நடைமுறைக்கு வந்தது; 2016 ஜூனில்தான் நீங்கியது. ஆழ்கடற் கலங்களின் ஒழுங்கீனத்துக்காக விதிக்கப்பட்ட அந்தத் தடையால், களப்பை விட்டு வெளியே போகாத தொழிலாளிக்கும் சந்தை மூடியது. 2010 ஓகஸ்டில் இழந்த ஐரோப்பிய ஒன்றியத்தின் ஜிஎஸ்பி பிளஸ் வரிச்சலுகை 2017 மே மாதம் மீண்டது. அமெரிக்கா 2025 ஏப்ரலில் இலங்கைப் பொருள்களுக்கு 44 வீத வரி என்று அறிவித்து, ஓகஸ்டில் 20 வீதமாக நிறுத்தியது. கடற்பாலூட்டிகளுக்கு வலையால் வரும் தீங்கைத் தன் நாட்டுக்கு ஈடாகக் கட்டுப்படுத்தும் தொழில்களிலிருந்தே இறக்குமதி செய்வது என்பதும் அந்நாட்டுச் சட்டம். பிடித்த இடம், நாள், வலை வகை எழுதப்பட்ட சரக்கே இனி நிலைக்கும். சிறு தொழிலாளி இவற்றைத் தனியாகச் செய்ய இயலாது. சேகரிப்பு நிலையத்தில் தமிழில் அச்சிட்ட எளிய பதிவுச்சீட்டும், அதை நிரப்ப உதவும் பயிற்சிபெற்ற ஊரவர் ஒருவரும் போதும்.

அயலிலேயே ஒரு பேரளவுப் போட்டியும் உண்டு. 1953இல் கொச்சியிலிருந்து உறைந்த இறால் முதன்முதலில் அமெரிக்காவுக்குக் கப்பலேறியது. 2022-23 நிதியாண்டில் இந்தியா ஏற்றுமதி செய்த உறைந்த இறால் 7.11 இலட்சம் தொன். மதிப்பு 548 கோடி டொலர். இன்று அதில் மிகுதியும் பண்ணையில் வளர்க்கப்படும் வனாமி இன இறால். ஆனால் தொடக்கக் கால இறால் ஆசை தமிழகக் கரையில் இழுவைப்படகுகளைப் பெருக்கியது. அவையே இன்று வடகடலின் அடித்தளத்தை வாரிச் செல்கின்றன. இலங்கை 2017இன் 11ஆம் இலக்கத் திருத்தச் சட்டத்தால் இழுவைமடித் தொழிலைத் தடைசெய்தது. அந்தச் சட்டம் வெளியிலிருந்து வரும் படகுக்கும் உள்ளூர்ப் படகுக்கும் ஒரே அளவில் செயற்பட வேண்டும். தடைசெய்யப்பட்ட வலைகளுக்கும் ஒளிபாய்ச்சிப் பிடித்தலுக்கும் எதிராக முல்லைத்தீவுத் தொழிலாளர் பலமுறை வீதியில் இறங்கியிருக்கின்றனர். சட்டம் இருக்கும்போது போராட்டம் தேவைப்படுவது நிர்வாகத்தின் தவறு.

இறால் வளர்ப்புக்கு நந்திக்கடலைக் குத்தகைக்கு விடும் யோசனை எழுந்தால் அதைச் சங்கம் எதிர்க்கும். புத்தளத்தில் டச்சுக் கால்வாயிலிருந்தே நீரை எடுத்து அதிலேயே கழிவை விட்ட பண்ணைகளில் 1996இல் வெண்புள்ளி நோய் பரவியது. கண்டல் அழிந்த இடத்தில் கைவிடப்பட்ட குளங்கள் மிஞ்சின. இங்கு வேண்டியது, நோயற்றதெனச் சோதிக்கப்பட்ட உள்நாட்டு இனக் குஞ்சுகளைக் களப்பில் விடுதலும், கண்டல் நடுதலும், விட்ட குஞ்சு வளரும்வரை நுண்கண் வலையைத் தடுத்தலும் ஆகும்.

2017இல் நந்திக்கடல் இயற்கை ஒதுக்கமாக வர்த்தமானியில் அறிவிக்கப்பட்டது. களப்பைக் காப்பதில் தொழிலாளருக்கு மறுப்பில்லை. காப்பாற்றப்பட்ட களப்பே அவர்களின் சோறு. ஆனால் தலைமுறையாக வீச்சுவலையும் சிறகுவலையும் கொண்டு இறங்கும் உரிமை எழுத்தில் உறுதிசெய்யப்படாதவரை, ஒவ்வொரு இரவும் அச்சத்தோடுதான் தொழில் நடக்கிறது. வனஜீவராசிகள் திணைக்களமும் கடற்றொழில் திணைக்களமும் கூட்டாகத் தொழில் எல்லை வரைபடத்தை வெளியிட்டு, 1996இன் 2ஆம் இலக்கக் கடற்றொழில் சட்டம் அனுமதிக்கும் முகாமைத்துவப் பகுதியாகக் களப்பை அறிவித்து, அதன் குழுவில் தொழிலாளருக்குப் பெரும்பான்மை இடம் வழங்க வேண்டும்.

வரும் மாரியில் முகத்துவாரம் திறக்கும் முன்னதாக, மேற்குறித்த திணைக்களங்களின் அலுவலர்கள் தண்ணீரூற்றுக்கு ஒருங்கே வந்து, உத்தேச நிலத்தையும் நீரையும் களப்புக் கரையையும் தொழிலாளர் முன்னிலையில் பார்வையிட்டு, முடிவை எழுத்தில் அறிவிக்குமாறு சங்கம் வேண்டிக்கொள்கிறது.