ஒருதரப்புத் தீர்ப்பு: கெடு தவறியவருக்குக் கதவு திறக்குமா?

புதுதில்லி: நீதிமன்ற அமீனா வாசலில் வந்து நிற்கும்போதுதான், தம் மீது வழக்கு நடந்ததும் அதில் தீர்ப்பு வந்துவிட்டதும் பலருக்குத் தெரியவருகிறது. சம்மன் பழைய முகவரிக்குப் போயிருக்கும். அல்லது வழக்கறிஞர் வாய்தாவுக்குச் செல்லத் தவறியிருப்பார். வாதி சொன்னதை மட்டும் கேட்டு நீதிமன்றம் வழங்கும் இத்தகைய ஒருதரப்புத் தீர்ப்பை ரத்து செய்யக் கோரும் உரிமை பிரதிவாதிக்கு உண்டு. ஆனால், அந்த உரிமை எல்லோருக்கும் ஒரே அளவில் இருக்கிறதா என்பதே கேள்வி.

உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 9-வது கட்டளை, 13-வது விதி இரண்டு காரணங்களை ஏற்கிறது. ஒன்று, சம்மன் முறைப்படி சேர்ப்பிக்கப்படாமை. மற்றொன்று, ஆஜராக இயலாமல் போனதற்குப் போதிய காரணம். தீர்ப்பு நாளிலிருந்து 30 நாள்களுக்குள் மனு செய்ய வேண்டும். சம்மன் முறைப்படி சேராதிருந்தால், தீர்ப்பு பற்றித் தெரிந்த நாளிலிருந்து அந்தக் கெடு தொடங்கும். தாமதத்துக்குத் தக்க காரணம் காட்டினால் நீதிமன்றம் அதை மன்னிக்கலாம். வழக்குச் செலவைக் கட்டுமாறும் நிபந்தனை விதிக்கலாம். அதேசமயம், விசாரணைத் தேதி முன்பே தெரிந்திருந்தவர், சம்மன் சேர்ப்பித்ததில் உள்ள சிறு குறைபாட்டை மட்டும் காட்டித் தப்ப முடியாது.

வழக்குகள் தேங்குவதைத் தடுக்கும் நோக்கில் நாடாளுமன்றம் இச்சட்டத்தை 1999-லும் 2002-லும் திருத்தியது. எதிருரை தாக்கல் செய்ய 30 நாள், நீட்டித்தாலும் 90 நாளுக்கு மேல் இல்லை என்ற வரம்பு 2002 ஜூலை 1 முதல் நடைமுறைக்கு வந்தது. இத்திருத்தங்களை எதிர்த்து உச்ச நீதிமன்றம் சென்றது சேலம் வழக்கறிஞர்கள் சங்கம். திருத்தங்கள் செல்லும் என்று கூறிய நீதிமன்றம், 2005 ஆகஸ்டில் அளித்த தீர்ப்பில் ஒரு விளக்கமும் தந்தது. 90 நாள் என்பது வழிகாட்டும் வரம்பே. மிகக் கடினமான நேர்வுகளில் மட்டும் அதைக் கடக்க அனுமதிக்கலாம் என்பதே அது.

இதற்கும் முன்பே, 1998-ல், சென்னை உயர் நீதிமன்ற உத்தரவை எதிர்த்த மேல்முறையீடு ஒன்றில் 883 நாள் தாமதத்தை உச்ச நீதிமன்றம் மன்னித்தது. எத்தனை நாள் தாமதம் என்பதல்ல, சொல்லப்படும் விளக்கம் ஏற்கத்தக்கதா என்பதே அளவுகோல் என்றது. வழக்கறிஞரின் கவனக்குறைவுக்குக் கட்சிக்காரர் நிலத்தை இழக்கலாகாது என்ற எண்ணம் அதில் இருந்தது.

ஆனால், 2015-ல் வந்த வணிக நீதிமன்றங்கள் சட்டம் வேறு பாதையில் செல்கிறது. சம்மன் கிடைத்த 120 நாள்களுக்குள் எதிருரை தாக்கலாகாவிட்டால் அந்த உரிமையே போய்விடும். இது கட்டாய வரம்பு என 2019-ல் உச்ச நீதிமன்றம் உறுதி செய்தது. பெரிய நிறுவனங்களின் வழக்குகளை மனதில் கொண்டு ரூ.1 கோடி என இருந்த குறைந்தபட்ச மதிப்பு, 2018 திருத்தத்தில் ரூ.3 லட்சமாகக் குறைக்கப்பட்டது. விளைவு? சரக்கு வாங்கிய பாக்கிக்காக வழக்கில் சிக்கும் சிறு வியாபாரியும், சட்டப் பிரிவே வைத்திருக்கும் பெருநிறுவனமும் ஒரே கெடுவின் கீழ் நிற்கின்றனர்.

வாதியின் பக்க நியாயத்தையும் மறுப்பதற்கில்லை. பல ஆண்டு காத்திருந்து பெற்ற தீர்ப்பு ஒரு மனுவில் கலைவது அவருக்கு அநீதியே. வேண்டுமென்றே இழுத்தடிப்போரும் உண்டு. அரசுத் துறைகளின் தாமதத்தைக்கூட, கோப்பு நகரவில்லை என்ற காரணத்துக்காக மன்னிக்க முடியாது என 2012-ல் உச்ச நீதிமன்றம் கண்டித்தது.

எதிருரை வரவில்லை என்பதற்காகவே கண்ணை மூடிக்கொண்டு தீர்ப்பளிக்கக் கூடாது என 1999-லேயே உச்ச நீதிமன்றம் எச்சரித்துள்ளது. கீழமை நீதிமன்றங்கள் அதைப் பின்பற்றினாலே பாதிப் பிரச்னை தீரும். மீதிக்கு நாடாளுமன்றம்தான் வழி காண வேண்டும். சம்மனின் முதல் வரியிலேயே, கெடு எது, தவறினால் என்னவாகும் என்பதை அவரவர் மொழியில் எளிமையாகச் சொல்வதைக் கட்டாயமாக்கலாம். ரூ.3 லட்சம் என்ற வரம்பையும் மறுபரிசீலனை செய்யலாம். விரைவான நீதி தேவைதான். அது இரு தரப்பையும் கேட்ட நீதியாகவும் இருக்க வேண்டும்.