இலைக்குள் சுரங்கம் தோண்டும் ஈ

உருளைக்கிழங்கு இலையில் கோலம் போட்டதுபோல் வளைந்து வளைந்து ஓடும் வெள்ளைக் கோட்டை நுவரெலியா, வெலிமடை விவசாயிகளுக்கு நாம் அறிமுகம் செய்யத் தேவையில்லை. கடுகளவான ஈ ஒன்று இலையினுள் முட்டையைச் செருகுகிறது. அதிலிருந்து வரும் புழு மேல்தோலுக்கும் கீழ்த்தோலுக்கும் இடையிலுள்ள பசுமையைத் தின்றுகொண்டே போகிறது. அது போன வழிதான் அந்தக் கோடு. தென் அமெரிக்காவைத் தாயகமாகக் கொண்ட இவ்விலைச்சுரங்க ஈ, 1990களின் நடுப்பகுதியில் எமது மலையகத் தோட்டங்களில் பெருங்கேடு விளைவித்தது.

அப்போது நடந்தது என்ன? மருந்து அடித்தார்கள். கோடு போகவில்லை. மேலும் அடித்தார்கள். “வாரத்துக்கு ரெண்டு தடவ அடிக்கிறோம் பாதர், கடன்தான் கூடுது, கோடு கொறையலியே” என்று ஒரு தாய் எம்மிடம் முறையிட்டது இன்னும் காதில் நிற்கிறது. அவர் பொய் சொல்லவில்லை. புழு இலையின் இரு தோல்களுக்கு நடுவே பத்திரமாக இருக்கிறது. வெளியே பறந்து திரிந்து அந்தப் புழுவின் மேல் முட்டையிடும் சிறு குளவிகளோ மருந்தில் முதலில் மடிகின்றன. எறும்பிலும் சிறிய இக்குளவிகளே ஈயின் இயற்கை எதிரிகள். காவல்காரனைக் கொன்றுவிட்டுக் கள்ளனைத் தேடிய கதைதான். பல ஆண்டுகளாக அடித்த மருந்துகளுக்கு இந்த ஈ பழகியும்விட்டது.

இனி இதே தொழிலைச் செய்யும் இன்னோர் ஈயின் கதையைப் பார்ப்போம். எமது பிள்ளைகள் ஒளித்தொகுப்புப் பரிசோதனைக்குக் குளத்திலிருந்து பிடுங்கி வருவார்களே, ஐதரில்லா, அந்தச் செடி 1950களின் தொடக்கத்தில் மீன்தொட்டி வியாபாரத்துக்காக இலங்கையிலிருந்து அமெரிக்காவின் புளோரிடாவுக்குப் போனதாகப் பதிவுகள் கூறுகின்றன. பிற்கால மரபணு ஆய்வுகள் அதைத் தென்னிந்தியச் செடியோடு ஒப்பிட்டன. எப்படியாயினும் எமது பக்கத்துச் செடிதான். இங்கே மீனுக்கும் புழுவுக்கும் பூச்சிக்கும் நடுவில் அடக்கமாக வாழ்ந்த அது, எதிரிகள் இல்லாத அந்நாட்டில் ஆறுகளையும் ஏரிகளையும் அடைத்துப் படகு போக வழியில்லாமல் செய்தது. நச்சு மருந்து ஊற்றினார்கள். 2000ஆம் ஆண்டளவில் ஃப்ளூரிடோன் என்ற களைநாசினிக்கே அடங்காத ஐதரில்லா அங்கு தோன்றிவிட்டது.

அதற்கு முன்னரே அறிஞர் சிலர் வேறு வழியில் யோசித்தனர். செடி பிறந்த நாட்டில் அதைத் தின்பது எது என்று தேடி இந்தியா வரை வந்தனர். கிடைத்தது இரண்டு மில்லிமீற்றர் அளவான ஓர் ஈ. ஐதரெலியா பாகிஸ்தானே என்பது அதன் பெயர். வேறு செடிகளைத் தொடுகிறதா என்று தனிமைப்படுத்திய கூடங்களில் சோதித்த பின்னர், 1987இல் புளோரிடாவில் அதை விட்டனர். இதன் புழு நீருக்கடியில் இலைக்குள் இருந்தபடி ஒரு டசின் அளவு இலைகளை வெறுமையாக்கிவிடும். முதிர்ந்த ஈ ஒரு காற்றுக் குமிழிக்குள் அமர்ந்து நீர்மட்டத்துக்கு மிதந்து வரும். படைப்பின் விந்தையைப் பாருங்கள்!

ஆனால் இதை வெற்றிக் கதையாக மட்டும் சொல்வது நேர்மையல்ல. ஈ நிலைத்தது, பரவியது. களையைத் தனியாக அடக்கவில்லை. அங்குள்ள உள்ளூர்க் குளவியொன்று இதன் கூட்டுப்புழுவைத் தாக்கத் தொடங்கியது. வெலிமடையில் நாம் காக்க வேண்டிய குளவியின் தொழிலே புளோரிடாவில் தடையாயிற்று. இதே ஐதரெலியா குலத்தைச் சேர்ந்த இன்னோர் ஈ ஆசிய வயல்களில் இளம் நெல்லின் குருத்தைத் தின்கிறது. ஒரே குலத்தில் ஒன்று பீடை, மற்றது பணியாள். எனவே பூச்சிக்கு நல்லது, கெட்டது என்று முத்திரை குத்துவதை நாம் நிறுத்த வேண்டும். எந்த இடத்தில், எந்தச் செடியில், எவற்றின் நடுவில் என்பதே கேள்வி. நெற்குருத்தைத் தின்னும் ஈக்குக்கூடப் பெரும்பாலும் மருந்து வேண்டியதில்லை. இளம் பயிர் புது இலை விட்டுத் தானே தேறிவிடும், சில நாள் நீரை வடித்துவிட்டால் ஈயின் வரவும் குறையும்.

எமது நாட்டுக்கு இவ்வழி புதிதன்று. 1939இல் கற்பித்தலுக்கென்று கொழும்புக்குக் கொண்டுவரப்பட்ட சல்வீனியா, குளங்களையும் வயல்களையும் மூடிய கதை முதியோருக்குத் தெரியும். அதை அடக்க 1986 முதல் விடப்பட்டது ஒரு சிறு வண்டு. பல குளங்களில் அது செய்த வேலையை எத்தனை சிரமதானமும் செய்திருக்க முடியாது.

இங்கே எமது ஆதங்கத்தையும் சொல்லிவிட வேண்டும். 2021 மே மாதத்தில் விவசாய இரசாயனங்களின் இறக்குமதி ஒரே இரவில் தடைசெய்யப்பட்டது. நவம்பரில் தடை நீங்கியது. இடைப்பட்ட காலத்தில் விவசாயியிடம் குளவியைப் பற்றிப் பேசியவர் யார்? மருந்தைப் பறித்தனர், அறிவைக் கொடுக்கவில்லை. தடை நீங்கியதும் அவர் பழைய கடைக்கே போனார். போகாமல் என்ன செய்வார்? கடனுக்குக் கொடுப்பவரே மருந்தையும் தெரிவு செய்கிறார். இந்த நிலையில் விவசாயியைக் குறை சொல்லும் உரிமை எமக்கில்லை.

ஆகவே எமது சங்கங்களின் அடுத்த கூட்டத்துக்கு ஒரு வேண்டுகோள். கோடு விழுந்த இலைகள் இருபதைப் பறியுங்கள். மருந்து அடித்த தோட்டத்து இலைகளை ஒரு போத்தலிலும் அடிக்காத தோட்டத்து இலைகளை இன்னொன்றிலும் போட்டு, வாயை மெல்லிய சீலையால் கட்டி நிழலில் வையுங்கள். இரண்டு மூன்று வாரங்களில் வெளியே வருவனவற்றை எண்ணுங்கள். மஞ்சள் புள்ளியுள்ளது ஈ. கறுத்து மினுங்கும், நாலு சிறகுள்ள சிறு பிராணி குளவி. இரண்டு போத்தலின் கணக்கையும் பலகையில் எழுதிவிட்டு, பிறகு அடுத்த மருந்தைப் பற்றிப் பேசுவோம்.