யூடியூப்ல எல்லாமே இருக்கு மேடம்

மகனைச் சதுரங்க வகுப்பில் சேர்த்த முதல் சனிக்கிழமை, வராந்தாவில் ஒன்பது பிளாஸ்டிக் நாற்காலிகள் போட்டிருந்தார்கள். ஒன்பதிலும் அம்மாக்கள். உள்ளே பலகையும் காய்களும். வெளியே எங்கள் மடியில் தண்ணீர் பாட்டில், டிபன் டப்பா, குடை. இரண்டு மணி நேரம் அப்படியே உட்கார்ந்திருந்தோம். மூன்றாவது வாரம் பயிற்சியாளரிடம், தொடக்கநிலை வகுப்பில் எனக்கும் ஓர் இடம் கிடைக்குமா என்று கேட்டேன்.

"பையனுக்கு வீட்ல சொல்லித்தரவா மேடம்?"

"இல்ல சார், எனக்கு."

சிரித்தார். மோசமான மனிதர் இல்லை. "உங்களுக்கு எதுக்கு மேடம் ஃபீஸ் கட்டி? யூடியூப்ல எல்லாமே இருக்கு. புக்கெல்லாம்கூட நெட்ல கிடைக்குது" என்றார்.

ஆறு வருடமாக அந்த வாக்கியத்தோடு சண்டை போட்டுக்கொண்டிருக்கிறேன். பொய் என்று அதைத் தள்ளிவிட முடியாது என்பதுதான் சிக்கல். லிச்செஸ் தளத்தில் பணம் கட்டாமல், விளம்பரத் தொல்லை இல்லாமல் எத்தனை புதிர்களை வேண்டுமானாலும் போடலாம். ஆடிய ஆட்டத்தைக் கணினியிடம் கொடுத்து எந்த நகர்த்தலில் கெட்டது என்று பார்க்கலாம். நானும் அப்படித்தான் கற்றேன். ஆனால் பையனுக்கு வகுப்பறை, ஆசிரியர், எதிரே உட்கார ஓர் ஆள், அம்மாவுக்கு யூடியூப். இலவசம் என்ற சொல்லை யாரிடம் சொல்கிறார்கள் என்று கவனியுங்கள். மகனுக்குக் கட்டணம் கட்டத் தயங்காத அதே வீடுதான் மகளுக்கும் மனைவிக்கும் இலவசத்தைக் காட்டுகிறது.

புத்தகத்துக்கு வருகிறேன். நான் வாங்கிய முதல் புத்தகம், உலகம் முழுக்கப் புதியவர்கள் வாங்கும் 'பாபி ஃபிஷர் டீச்சஸ் செஸ்'. 1966இல் வந்தது. ஃபிஷரோடு இன்னும் இரண்டு பேர் சேர்ந்து எழுதியது. வலப்பக்கங்களை மட்டும் படித்துக்கொண்டே போய், கடைசியில் புத்தகத்தைத் தலைகீழாகத் திருப்பி மீதியைப் படிக்க வேண்டும். ஒரு கேள்வி, பக்கத்தைத் திருப்பினால் விடை. அருமையான முறை. தன் சிப்பாய்களுக்குப் பின்னாலேயே ராஜா மூச்சுவிட இடமில்லாமல் மாட்டிக்கொள்ளும் கடைசி வரிசை மேட்டை அதில்தான் கற்றேன். இதே ஃபிஷர், 1962இல் வெளியான ஒரு நேர்காணலில், பெண்கள் எல்லோருமே மோசமான ஆட்டக்காரர்கள், எந்தப் பெண்ணுக்கும் ஒரு குதிரையை விட்டுக்கொடுத்தே தன்னால் ஜெயிக்க முடியும் என்ற பொருளில் பேசியிருந்தார். அதே 1962இல் ஜார்ஜியாவின் நோனா கப்ரிந்தாஷ்விலி பெண்கள் உலக சாம்பியன் ஆனார். 1978இல் கிராண்ட்மாஸ்டர் பட்டம் பெற்ற முதல் பெண்ணும் அவரே. பல ஆண் கிராண்ட்மாஸ்டர்களோடு ஆடியவர். 2020இல் வந்த 'தி குயின்ஸ் கேம்பிட்' தொடரில், அவர் ஆண்களை எதிர்கொண்டதே இல்லை என்று ஒரு வசனம்! எண்பது வயதில் அவர் வழக்குத் தொடுத்தார். 2022இல் சமரசமாக முடிந்தது. கற்பனைப் பெண் ஒருத்தியை உயர்த்த, உண்மையான பெண்ணின் ஆட்டங்கள் அழிக்கப்பட்டன. தொடரைப் பார்த்துச் சதுரங்கப் பலகை வாங்கிய பெண்களில் எத்தனை பேருக்கு இது தெரியும்?

தமிழ் நடத்துகிறவள் என்பதால் வினைமுற்றின் மீது எனக்கு ஒரு கண் உண்டு. தமிழில் சொல்லித்தரும் காணொளிகளில் "இப்ப ஒயிட் என்ன பண்ணுவான்? குதிரைய வச்சு ராணிய தூக்குவான்" என்கிறார்கள். வெள்ளையும் அவன், கறுப்பும் அவன். 'எதிராளி' என்று பால் காட்டாத நல்ல சொல் நம்மிடம் இருந்தும் விகுதி காட்டிக்கொடுத்துவிடுகிறது. 'பண்ணுவாங்க' என்று ஒரு மரியாதைப் பன்மை போட்டால் தீர்ந்தது. சின்ன விஷயம் என்பார்கள். பலகையில் இருக்கும் ஒரே பெண் பெயர், தூக்கப்படும் காயின் பெயராக மட்டும் காதில் விழுவது பத்து வயதுப் பெண்ணுக்குச் சின்ன விஷயம் இல்லை. (அந்த ராணியே பழைய மந்திரிதான். குறுக்காக ஒரே ஒரு கட்டம் நகர்ந்துகொண்டிருந்த காய், பதினைந்தாம் நூற்றாண்டின் இறுதியில் ஐரோப்பாவில் பலகை முழுக்க ஓடும் உரிமை பெற்றது. புதிய ஆட்டத்துக்கு அவர்கள் வைத்த பெயர் 'பைத்தியக்கார ராணியின் சதுரங்கம்'. வேறென்ன பெயர் வைப்பார்கள்!)

விஸ்வநாதன் ஆனந்துக்கு ஆறு வயதில் ஆட்டத்தைச் சொல்லித்தந்தவர் அவருடைய அம்மா சுசீலா. ஆனந்தே பலமுறை இதைச் சொல்லியிருக்கிறார். அப்பாவின் வேலை காரணமாகக் குடும்பம் 1970களின் இறுதியில் மணிலாவில் இருந்தது. அங்கே தொலைக்காட்சியில் பகல் நேரத்தில் சதுரங்க நிகழ்ச்சி ஒன்று வரும். மகன் பள்ளிக்கூடத்தில். அம்மா உட்கார்ந்து ஆட்டங்களையும் புதிர்களையும் எழுதி வைப்பார். மகன் வந்ததும் புதிரை விடுவித்து விடை அனுப்புவார்கள். பரிசு ஒரு புத்தகம். வேண்டிய புத்தகங்களை அள்ளிக்கொள், இனி விடை அனுப்பாதே என்று நிகழ்ச்சிக்காரர்களே சொல்லும் அளவுக்குச் சிறுவன் பரிசு வாங்கிவிட்டான்.

இந்தக் கதையை நம் பத்திரிகைகள் தாயன்பின் கதையாகவே எழுதுகின்றன. அன்பு இருந்திருக்கும், மறுக்கவில்லை. ஆனால் நிறுத்திப் பார்க்கப் பொத்தான் இல்லாத காலத்தில், ஓடும் திரையைப் பார்த்துக் காய்களின் இடத்தைப் பிழையில்லாமல் எழுத அன்பு போதாது. ஆட்டம் தெரிந்திருக்க வேண்டும். அது புலமை. ஓர் ஆண் செய்திருந்தால் முதல் பயிற்சியாளர் என்று எழுதியிருப்போம். அவர் தனக்காக எந்தப் பலகையில், யாரோடு ஆடினார் என்ற கேள்வியை யாரும் கேட்டு நான் படித்ததில்லை.

2023இல் பாகுவில் நடந்த உலகக் கோப்பையின்போது பிரக்ஞானந்தாவின் அம்மா நாகலட்சுமி மகனைப் பார்த்து நிற்கும் படம் ஊரெல்லாம் சுற்றியது. எவ்வளவு கைபேசிகளில் முகப்புப் படமானது! அதே வீட்டில் முதலில் சதுரங்கம் கற்கப் போனவர் மகள் வைஷாலி. அக்காவைப் பார்த்துத்தான் தம்பி வந்தான். 2013இல் சென்னையில் மாக்னஸ் கார்ல்சன் ஒரே நேரத்தில் பலரோடு ஆடியபோது அவரை வென்ற வைஷாலிக்கு வயது 12. அவரும் கிராண்ட்மாஸ்டர்தான். இன்றும் பலருக்கு அவர் 'பிரக்ஞானந்தாவின் அக்கா'.

இவையெல்லாம் பெரிய பெயர்கள். என் கோபம் சின்ன இடத்தில் இருக்கிறது.

எங்கள் துறையில் இரண்டாம் ஆண்டு மாணவி ஒருத்தி. கைபேசியிலேயே கற்றுக்கொண்டவள். ஒரு செயலியில் ஆடுவாள்; ஆளுக்குப் பதினைந்து நிமிடம், ஆக மொத்தம் அரை மணி. அந்த அரை மணி அவளுக்கு வீட்டில் கிடைக்காது. மோட்டாரைப் போடு, தம்பிக்குத் தோசை ஊத்து, அத்தை வந்திருக்காங்க பாரு. எழுந்து போனாலும் கடிகாரம் ஓடிக்கொண்டே இருக்கும். சில ஆட்டங்கள் இப்படிப் போனதும், பாதியில் விட்டுப் போவது எதிராளியை அவமதிப்பதாகும் என்று செயலி எச்சரித்தது. பிறகு சிறிது நேரம் ஆடவே விடவில்லை. என்னிடம் காட்டினாள்: "மரியாதை தெரியாதவன்னு சொல்லுது மேம்."

அதன் பிறகு ஆட்டத்தை விட்டுப் புதிருக்குப் போனாள். குக்கரின் இரண்டு விசிலுக்கு நடுவே ஒன்று போட்டுவிடலாம். எனக்குப் பத்து நிமிடம் பிடிக்கும் புதிரை இரண்டு நிமிடத்தில் முடிப்பாள். ஆனால் புதிரில், இங்கே ஒரு வழி இருக்கிறது என்று முன்கூட்டியே சொல்லிவிடுகிறார்கள். ஆட்டத்தில் யாரும் சொல்ல மாட்டார்கள். இருக்கிறதா இல்லையா என்று தெரியாமலேயே உட்கார்ந்து யோசிக்க வேண்டும். அந்தப் பழக்கம் துண்டு நேரத்தில் வராது. கல்லூரிகளுக்கிடையிலான போட்டிக்கு அழைத்துப்போனேன். முதல் சுற்றிலேயே தோற்றாள். அவளுடைய கடிகாரத்தில் நாற்பது நிமிடத்துக்கு மேல் மீதம் இருந்தது. ஏன் இவ்வளவு அவசரம் என்று கேட்டேன்.

"யாராவது கூப்பிட்டுருவாங்கன்னே இருக்கு மேம்."

போட்டி அரங்கில் அவளைக் கூப்பிட யாருமே இல்லை.

யூடியூபில் எல்லாம் இருக்கிறது என்று சொல்கிறவர்களுக்கு என் பதில் இந்தப் பெண்தான். திறப்பு வகைகள் அங்கே இருக்கின்றன, இறுதியாட்டம் இருக்கிறது, உலக சாம்பியன்களின் ஆட்டங்கள் இருக்கின்றன. நாற்பது நிமிடம் இவளுடையது என்று ஒரு பெண்ணை நம்பவைக்க அங்கே எதுவும் இல்லை. அதை வீடும் கல்லூரியும் செய்ய வேண்டும். செய்யாமல் கைபேசியைக் கையில் திணித்துவிட்டு, இவ்வளவு வசதி இருந்தும் பெண்கள் ஏன் மேலே வரவில்லை, மூளை அப்படித்தானோ என்று கேட்பது அயோக்கியத்தனம்.

இப்போது நாங்கள் பதினோரு பேர் சேர்ந்து ஆடுகிறோம். நான் சுமாரான ஆட்டக்காரிதான், தெரிந்ததைச் சொல்கிறேன். முதல் நாள் ராஜாவும் சிப்பாய்களும் மட்டும். யாருடைய சிப்பாய் முதலில் மறுகரை சேர்கிறது என்று ஒரு மணி நேரம் ஆடுவோம். காய்கள் குறைந்த இறுதியாட்டத்திலிருந்து கற்றுவரச் சொன்னவர் கபாப்லாங்கா. அது எங்களுக்குச் சரியாக வருகிறது. லிச்செஸில் தமிழில் குறிப்பெழுதிப் பாடங்கள் செய்து வைத்திருக்கிறோம். எல்லா வினையும் 'ஆடுகிறார்'தான். கைபேசிகள் மேசை இழுப்பறைக்குள். ஆடி முடித்ததும் தோற்றவர் முதலில் பேச வேண்டும், எங்கே தப்பு நடந்தது என்று ஜெயித்தவர் பாடம் எடுக்கக் கூடாது. இந்த விதியைக் கொண்டுவந்தவள் அந்த இரண்டாம் ஆண்டு மாணவி.

அறை இல்லாததால் மதிய இடைவேளையில், சாப்பாட்டை மறந்துவிட்டு ஆடுகிறார்கள். மாணவர்களுடைய கபடி அணிக்கு மாலையில் மைதானமும், அதற்காக வகுப்பிலிருந்து விலக்கும் உண்டு. கொடுக்கட்டும், நல்லது. வியாழக்கிழமை கடைசி இரண்டு மணி நேரமும் பூட்டக்கூடிய கதவுள்ள ஓர் அறையும் எங்களுக்கு வேண்டும் என்று மூன்றாவது முறையாக எழுதிக் கொடுத்திருக்கிறேன். முதல் இரண்டு முறை, இதற்கெல்லாம் செயலி இருக்கிறதே மேடம் என்றார்கள்.