கெடு முடிந்தால் உரிமையும் முடியுமா?

கொரோனா வார்டில் நமக்காக ராப்பகல் நின்ற நர்ஸ் பெண்களை நினைவிருக்கிறதா, சகோதரிகளே? 2020-இல் மருத்துவப் பணியாளர் தேர்வு வாரியம் மூலம் தற்காலிகமாக எடுத்தார்கள். 2022 டிசம்பர் 31-க்கு மேல் நீட்டிப்பு இல்லை என்று உத்தரவு வந்தது. இரண்டாயிரம் பேருக்கு மேல் வேலை போயிற்று. போராட்டம், கோர்ட்டு என்று அலைந்தார்கள்.

எங்கள் நாகையிலும் ஒப்பந்த வேலைக்குப் போகிற பெண்கள் உண்டு. "கெடு தெரிந்துதானே கையெழுத்துப் போட்டாய், அப்புறம் என்ன கேஸ்?" என்று வீட்டிலேயே கேட்கிறார்கள். நான் பத்தாவது படித்தவள்தான். ஆனாலும் விசாரித்துத் தெரிந்துகொண்டதைச் சொல்கிறேன்.

முதலில் கசப்பு மருந்து. 2006-இல் உமாதேவி வழக்கில் சுப்ரீம் கோர்ட்டின் ஐந்து நீதிபதிகள், பல வருஷம் உழைத்ததற்காக மட்டும் ஒப்பந்தக்காரர் நிரந்தரம் கேட்க முடியாது என்று தீர்ப்பளித்தார்கள். அரசு வேலை எல்லாருக்கும் பொது, முறையான தேர்வு வேண்டும் என்பது காரணம்.

அதற்காகக் கதவை அடியோடு சாத்திவிடவில்லை. ஒரு தற்காலிகப் பணியாளரை அனுப்பிவிட்டு அதே இடத்தில் இன்னொரு தற்காலிகப் பணியாளரை வைக்கக் கூடாது என்று 1992-இல் பியாரா சிங் வழக்கில் சொல்லியிருக்கிறது. ஆகவே உங்கள் இடத்துக்கு யார் வருகிறார்கள், எப்படி வருகிறார்கள் என்று பார்த்துக்கொள்ளுங்கள்.

பிள்ளைத்தாச்சிகள் இதைக் கவனியுங்கள். டில்லியில் ஜனக்புரி அரசு மருத்துவமனையின் ஒப்பந்த டாக்டர் கவிதா யாதவ், 2017 ஜூன் 1 முதல் பேறுகால விடுப்புக் கேட்டார். ஒப்பந்தம் ஜூன் 11-இல் முடிகிறது என்று பதினோரு நாள்தான் கொடுத்தார்கள்! தீர்ப்பாயத்திலும் ஹைகோர்ட்டிலும் தோற்றார். அம்மா விடவில்லை. 2023 ஆகஸ்டில் சுப்ரீம் கோர்ட்டு, ஒப்பந்தக் கெடு தாண்டினாலும் பேறுகாலப் பணம் முழுவதும் கொடு என்று உத்தரவிட்டது. வேலையை நீட்டிக்கச் சொல்லவில்லை. சம்பளப் பணத்தைக் கொடுக்கச் சொன்னது. அந்தத் தீர்ப்புக்கு ஆதாரம் 1961-ஆம் வருடச் சட்டம். 2020-ஆம் வருடச் சமூகப் பாதுகாப்புச் சட்டத் தொகுப்பிலும் 26 வார விடுப்பு இருக்கிறது. பிரசவத்துக்கு முந்தின 12 மாதத்தில் 80 நாள் வேலை பார்த்திருந்தால் போதும்.

இனி செய்ய வேண்டியவை:

நியமன உத்தரவு, ஒவ்வொரு நீட்டிப்புக் கடிதம், பாங்கு பாஸ்புக் எல்லாவற்றுக்கும் நகல் எடுத்து வையுங்கள். விடுப்பு மனுவை எழுதியே கொடுத்து, நகலில் முத்திரை வாங்குங்கள். "நாளைக்கு வாம்மா" என்ற வாய்வார்த்தை கோர்ட்டில் நிற்காது.

வக்கீல் செலவுக்குப் பயப்பட வேண்டாம். பெண்களுக்கு, வருமானம் எவ்வளவானாலும், சட்ட உதவி இலவசம். மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் கேளுங்கள். 15100 என்ற எண்ணுக்கும் பேசலாம். ஹைகோர்ட்டு என்றால் தஞ்சாவூர்க்காரர்களுக்கு மதுரைக் கிளை, நம் நாகைக்குச் சென்னை.

ஒன்று மட்டும்: நாளைக் கடத்தாதீர்கள். "இத்தனை நாள் எங்கே போனாய்?" என்று கோர்ட்டே கேட்கும்.