காமிராவும் பேனாவும்

சேலத்திலிருந்து ஏற்காட்டுக்குப் போகும் சாலையில் மாடர்ன் தியேட்டர்ஸ் வளைவு இன்னும் நிற்கிறது. டி. ஆர். சுந்தரம் 1930-களில் தொடங்கிய அந்த ஸ்டூடியோ, நூற்றுக்கு மேற்பட்ட படங்களைத் தந்துவிட்டு மறைந்தது. வாயில் மட்டும் மிஞ்சிற்று. அதன் எதிரே சென்ற வாரம் என் பழைய மாணாக்கன் ஒருவன் என்னை நிறுத்தினான்.

"ஐயா, குறும்படம் எடுக்கப் போகிறேன். கதையும் என்னுடையதே. ஸ்டூடியோ இல்லை, முதலாளி இல்லை. 'இதுவும் ஒரு பிழைப்பா?' என்கிறார் அப்பா. தாங்கள்தாம் ஒரு வார்த்தை சொல்ல வேண்டும்" என்றான்.

தகப்பனார் நாமக்கல்லில் லாரிப் பட்டறை வைத்திருப்பவர். ஞாயிறன்று அவரைக் கண்டு, ஏ. கே. செட்டியாரின் கதையைச் சொன்னேன்.

செட்டியார் 1911-இல் கோட்டையூரில் பிறந்தவர். டோக்கியோவிலும் நியூயார்க்கிலும் புகைப்படக் கலை பயின்றவர். 1937 அக்டோபர் 2-ந் தேதி, அமெரிக்காவிலிருந்து அயர்லாந்துக்குக் கப்பலில் செல்கையில், காந்தி மகாத்மாவின் வாழ்க்கையைப் படமாக்கும் எண்ணம் அவருக்கு உதித்தது. வயது இருபத்தைந்து. ஸ்டூடியோ கிடையாது, நடிகர் கிடையாது. சுமார் நூறு காமிராக்காரர்கள் முப்பது ஆண்டுகளில் எடுத்திருந்த படத்துண்டுகளைத் தேடி, ஒரு லட்சம் மைல் பிரயாணம் செய்தார். சேர்ந்தது 50,000 அடி; தொகுத்தது 12,000 அடி. 1940 ஆகஸ்டில் தமிழ்ப் படம் வெளிவந்தது.

"லாபம் எவ்வளவு, வாத்தியாரையா?" என்றார் தகப்பனார்.

"நஷ்டத்தை முதலில் கேளுங்கள்" என்றேன். அத்தனை பாடுபட்டு எடுத்த படத்தின் தமிழ்ப் பிரதி, பிற்பாடு நெடுங்காலம் எவருக்கும் அகப்படவில்லை. 1953-இல் அமெரிக்காவில் ஆங்கிலத்தில் வெளியான வடிவத்தின் சுருக்கமே பல்லாண்டுகள் கழித்துக் கிடைத்தது. நாம் பொருளைப் போற்றும் அழகு அது!

ஆனால் செட்டியார் எழுத்தாளருமாவார். 1943-இல் தாம் தொடங்கிய 'குமரி மலர்' பத்திரிகையில், படம் எடுத்த வரலாற்றைப் பின்னாளில் தாமே எழுதினார். அது 2003-இல் 'அண்ணல் அடிச்சுவட்டில்' என்னும் நூலாயிற்று. காமிரா தந்ததை நாம் தொலைத்தோம். பேனா அதன் கதையைக் காத்தது.

மாணாக்கனுக்கு நான் சொன்ன புத்தி இதுதான்: "தம்பி, காமிரா இன்று உன் சட்டைப் பையிலேயே இருக்கிறது. அதனால் அலைச்சல் குறையும்; பொறுமை குறையலாகாது. கடன் வாங்கிப் படம் எடுக்காதே. எடுத்ததன் பிரதிகளை இரண்டு மூன்று இடங்களில் பத்திரப்படுத்து. யாரைக் கண்டாய், எங்கே தவறினாய் என்பதை அன்றன்றே எழுதி வை."

தகப்பனார் சற்று யோசித்தார். "ஒரு வருஷம் செய்து பார்க்கட்டும். எழுதும் பழக்கம் நல்லதென்கிறீர்கள். பட்டறைக் கணக்கையும் இனி அவனே எழுதட்டும்!" என்றார்.

பையனின் முகத்தில் பாதி மகிழ்ச்சி. மீதிப் பாதியை அவன் படம்தான் சம்பாதிக்க வேண்டும்.